பொடிமாஸை அழித்துவிட்டுத் திண்ணை போட்ட கதை: அனிமல் கிராஸிங் ரீசெட், ஆறு வாரத்துக்குப் பிறகு

பழைய தீவின் பெயர் பொடிமாஸ். வைத்தவன் என் தம்பி. 2020 ஏப்ரல், ஊரடங்கு. ஆட்டம் தீவுக்குப் பெயர் கேட்ட நேரத்தில் அம்மா அடுப்படியில் வாழைக்காய் பொடிமாஸ் கிளறிக்கொண்டிருந்தாள். வேறு காரணம் ஒன்றும் கிடையாது. 'அனிமல் கிராஸிங்: நியூ ஹொரைசன்ஸ்' ஆட்டத்தில் ஒருமுறை வைத்த தீவுப் பெயரை மாற்றவே முடியாது என்பது அவனுக்கு அப்போது தெரியாது. தெரிந்திருந்தாலும் அதையேதான் வைத்திருப்பான்.

இந்த ஆட்டம் 2020 மார்ச் 20 அன்று வந்தது. அதைப் பற்றி எல்லாரும் எழுதித் தீர்த்துவிட்டார்கள். ஆளில்லாத தீவில் கூடாரம் போட்டு, மீன் பிடித்து, பூச்சி பிடித்து, பேசும் விலங்குகளோடு குடித்தனம் நடத்தும் ஆட்டம். கெட்டவன் கிடையாது, ஜெயிப்பது தோற்பது கிடையாது. நான் எழுத வந்தது ஒன்றை மட்டும்: ஐந்தரை வருடத் தீவை முழுசாகத் துடைத்துவிட்டு மறுபடி முதல் நாளிலிருந்து தொடங்கினால் எப்படி இருக்கிறது?

முதலில் என் வழக்கைச் சொல்லிவிடுகிறேன். ஒரு ஸ்விட்ச் கருவிக்கு (நின்டெண்டோவின் ஆட்டக் கருவி) ஒரே தீவுதான். எட்டு பேர் வரை அதில் வீடு கட்டலாம், ஆனால் யார் முதலில் ஆட்டத்தைத் திறந்தார்களோ அவர்தான் தீவின் பிரதிநிதி. பாலம் எங்கே போடுவது, கடையை எங்கே நகர்த்துவது எல்லாம் அவர் கையில். பின்னால் வந்தவர்கள் குடியிருக்கலாம், அவ்வளவே. எங்கள் வீட்டில் முதலில் திறந்தவன் தம்பி. அவன் 2022இல் டப்ளினுக்கு வேலைக்குப் போனான், கருவியை என்னிடம் விட்டுவிட்டு. அதாவது ஊர்த் தலைவர் வெளிநாட்டில், ஊர் என் மேஜை டிராயரில். வடக்குப் பக்கம் ஒரு பாலம் போடவேண்டும் என்று மூன்று வருடம் நினைத்தேன். அவன் ப்ரொஃபைலில் நுழைந்து நானே போட்டிருக்கலாம். போட்டும் பார்த்தேன். அடுத்தவர் கையெழுத்தைப் போட்ட மாதிரி இருந்தது. நான் வங்கியில் கடன் பிரிவில் வேலை செய்கிறேன், அந்தக் கூச்சம் எனக்குக் கொஞ்சம் அதிகம்.

இன்னொரு காரணமும் உண்டு. தீவு முடிந்துவிட்டது. மலையை வெட்டலாம், ஆற்றைத் திருப்பலாம் என்று ஆட்டம் அனுமதித்ததும் தம்பி ஒரு மூலை விடாமல் வெட்டித் திருப்பிவிட்டான். அதன்மேல் நான் நாற்காலி, விளக்கு, வேலி, ஐஸ்கிரீம் வண்டி என்று நிரப்பினேன். நடக்க இடமில்லை. தி.நகரில் தீபாவளிக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை மாதிரி.

டிசம்பரில் தம்பியிடம் போனில் கேட்டேன். "அழிச்சுடுக்கா" என்றான் உடனே. இரண்டு நிமிடம் வேறு ஏதோ பேசிவிட்டு, "ஹேசல் இருக்காளா இன்னும்?" என்றான். ஹேசல் என்பது ஒட்டுப்புருவம் வைத்த அணில். முதல் நாள் எங்களோடு விமானத்தில் வந்து இறங்கிய இருவரில் ஒருத்தி. ஐந்தரை வருடமாகப் போகவே இல்லை. இருக்கிறாள் என்றேன். "சரி, அழிச்சுடு."

அழிப்பதற்கு முன் என்ன செய்யவேண்டும் என்று யாராவது எனக்கு முன்பே சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும், அதனால் சொல்கிறேன். நீங்கள் பிரதிநிதி இல்லை என்றால், தீவை விட்டுவிட்டு உங்கள் குடியிருப்பை மட்டும் நீக்கிவிட்டுப் புதுக் கூடாரம் போட ஆட்டத்தின் தொடக்கத் திரையிலேயே வழி இருக்கிறது. கழித்தல் குறிப் பொத்தானை அழுத்தினால் டாம் நூக், அதாவது தீவில் குடியேற்றி வீட்டுக் கடன் கொடுக்கும் ஆசாமி, வந்து பேசுவார். பிரதிநிதிக்கு அந்த வசதி இல்லை. அவர் போனால் தீவே போகும், அதில் இருக்கும் அத்தனை பேர் வீடும் சேர்ந்து. வீட்டில் குழந்தைகளும் ஆடுகிறார்கள் என்றால் அவர்களைக் கேட்காமல் கை வைக்காதீர்கள். மற்ற பல ஸ்விட்ச் ஆட்டங்களின் சேமிப்பு வழக்கமான கிளவுடில் ஏறும், இதனுடையது ஏறாது. தீவுக்கென்று தனிக் காப்புப் பிரதி ஏற்பாடு, அதற்கும் ஆன்லைன் சந்தா வேண்டும். நீங்கள் எடுத்த ஸ்கிரீன்ஷாட்டுகள் மட்டும் ஆல்பத்தில் பத்திரமாக இருக்கும்.

சாமான்களைக் காப்பாற்ற ஒரே வழி, இன்னொரு தீவுக்காரரிடம் கொடுத்து வைப்பது. என்னோடு வேலை பார்ப்பவரின் மகள் எட்டாவது படிக்கிறாள், அவளிடம் ஒரு ஸ்விட்ச் உண்டு. ஒரு ஞாயிறு அவர்கள் வீட்டுக்குப் போய் இரண்டு கருவியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக்கொண்டு அவள் தீவுக்குப் போனேன். பெரிய பட்டியல் போட்டிருந்தேன். கடைசியில் கொடுத்தது ஹேசலின் சட்டமிட்ட படம் ஒன்றுதான். நெருங்கிப் பழகிய விலங்கு, என்றாவது ஒருநாள் பரிசாகத் தரும் படம் அது. மற்றதெல்லாம் மறுபடி வாங்கிக்கொள்ளக்கூடியவை. "அவ்வளவுதானா ஆன்ட்டி? கிரீடம் இருக்கே, அது வேண்டாமா?" என்று அந்தப் பெண் இரண்டு தடவை கேட்டாள். பத்து லட்சம் பெல் (ஆட்டத்துக் காசு) கொடுத்து தம்பி வாங்கின கிரீடம். வேண்டாம் என்றேன். அவளுக்கே கொடுத்தேன்.

கடைசி நாள் தீவைச் சுற்றி வந்தபோது அறிவிப்புப் பலகையைத் திறந்தேன். ஆட்டத்தில் தமிழ் எழுத்து இல்லை. அதனால் நாங்கள் எழுதியதெல்லாம் ஆங்கில எழுத்தில் தமிழ். "அக்கா என் பீச் மரத்த உலுக்காத" என்று அவன். அதற்குக் கீழே, "உலுக்கியாச்சு" என்று நான். அதை ஸ்கிரீன்ஷாட் எடுத்துக்கொண்டேன்.

அழிக்கும் வேலை ஆட்டத்துக்குள் நடப்பதில்லை. கருவியின் செட்டிங்ஸுக்குப் போய், டேட்டா மேனேஜ்மென்ட்டில் நுழைந்து, சேமிப்பை அழிப்பதைத் தேர்ந்தெடுத்து, பட்டியலில் இந்த ஆட்டத்தைத் தொடவேண்டும். நிச்சயமாகவா என்று கேட்கிறது. ஆமாம் என்றால் முடிந்தது. எங்கள் கிளையில் முப்பதாயிரம் ரூபாய் நகைக்கடன் கணக்கை முடிக்க இதைவிட அதிகம் கையெழுத்து வாங்குவோம். வேடிக்கை என்னவென்றால், என் ப்ரொஃபைல் பக்கத்தில் இந்த ஆட்டத்தை 640 மணி நேரத்துக்கு மேல் ஆடியதாக இன்னும் அப்படியே நிற்கிறது. அசல் போய்விட்டது, லெட்ஜரில் வரி மட்டும் இருக்கிறது.

அன்று போகிப் பண்டிகை. திட்டம் போட்டுச் செய்யவில்லை, மறுநாளிலிருந்து பொங்கல் லீவு, அதனால்தான். ஆனாலும் தெருவில் எதையோ கொளுத்தும் புகை ஜன்னல் வழியாக வந்துகொண்டிருக்கும்போது அந்தப் பொத்தானை அழுத்தியது கொஞ்சம் நாடகமாகத்தான் இருந்தது.

புதுத் தொடக்கத்தில் முதல் கேள்விகள் சில. விமான நிலைய மேஜையில் டாம் நூக்கின் உதவியாளர்கள் டிம்மியும் டாமியும் கேட்பார்கள்: பெயர், பிறந்தநாள், தீவு பூமியின் வட பாதியிலா தென் பாதியிலா. இந்தக் கடைசிக் கேள்வியில் நிதானியுங்கள், பிறகு மாற்ற முடியாது. ஆட்டம் உங்கள் ஊர்க் கடிகாரப்படியே நடக்கும். வட பாதி என்றால் டிசம்பர் நடுவிலிருந்து பிப்ரவரி பாதிக்கு மேல் வரை பனி. தொடக்கக்காரருக்கு அது வறண்ட காலம், பூச்சிகள் குறைவு. நான் தென் பாதியைத் தேர்ந்தெடுத்தேன். ஜனவரியில் அங்கே நடுக்கோடை. சென்னையில் அக்னி நட்சத்திரம் முடிந்து புழுக்கத்தில் கிடக்கும் ஜூனில் அங்கே பனி விழத் தொடங்கும். இந்த ஒரு முடிவுக்கே ரீசெட் செய்தது தகும் என்று தோன்றுகிறது.

பிறகு நான்கு வரைபடம் காட்டி ஒன்றை எடுக்கச் சொல்வார்கள். ஆற்றின் வாய், அலுவலகத்தின் இடம், விமான நிலையம் இவை கடைசிவரை அப்படியேதான் இருக்கும். மலையும் ஆற்றின் நடுப்பகுதியும் பிற்பாடு மாற்றிக்கொள்ளலாம். விமான நிலையத்தின் நிறமும் தீவின் பழமும் இறங்கிய பிறகுதான் தெரியும். அதற்காக ஆட்டம் சேமிக்கத் தொடங்குமுன் மூடித் திறந்து, மூடித் திறந்து, பிடித்தது வரும்வரை நாள் கணக்கில் செய்பவர்கள் இருக்கிறார்கள். நானும் நான்கு தடவை செய்தேன். ஐந்தாவதாக மஞ்சள் விமான நிலையமும் ஆரஞ்சு மரமும் வந்தன. நிறுத்திக்கொண்டேன். பெண் பார்க்கிற படலம் மாதிரி ஆகிக்கொண்டிருந்தது.

பெயர்: திண்ணை. ஆங்கில எழுத்தில் ஏழு. பத்துக்குள் அடங்கவேண்டும்.

கூட வந்து இறங்கிய இருவர் ஷெல்டன் என்கிற அணிலும் ஃபீபியும். எப்போதும் ஒருவர் உடற்பயிற்சிப் பைத்தியமாகவும் இன்னொருவர் அதட்டிப் பேசும் அக்காவாகவும்தான் வருவார்கள், அது ஆட்டத்தின் விதி. ஃபீபி செக்கச் செவேலென்று தீ நிறத்தில் இருக்கும் பறவை. ஆங்கிலத்தில் அதை ஆஸ்ட்ரிச் என்று கடந்துபோய்விடலாம். நமக்கு அது நெருப்புக்கோழி. இந்த ஒரு பாத்திரத்தை வரைந்தவருக்குத் தமிழ் தெரிந்திருக்குமோ என்று அன்று இரவு தனியாகச் சிரித்தேன்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். இந்த ஆட்டத்தின் மிகச் சிறந்த பகுதி முதல் மூன்று வாரம். முதல் தடவை அது தெரியவில்லை, ஏனென்றால் அப்போது அவசரம். தம்பி கடிகாரத்தை முன்னால் தள்ளித் தள்ளி மூன்று நாளில் அருங்காட்சியகம் கட்டிவிட்டான். இந்த முறை கடிகாரத்தைத் தொடுவதில்லை என்று வைத்துக்கொண்டேன்.

தொடக்கத்தில் ஆற்றைத் தாண்ட முடியாது. இது சாதாரண விஷயம் போலத் தோன்றும். கையில் கழி இல்லை, பாலம் இல்லை. எதிர்க்கரையில் ஒரு பாறை, அதன் பக்கத்தில் நிலத்தில் நட்சத்திரக் கீறல் ஒன்று. அந்தக் கீறலுக்கு அடியில் புதைபடிவம் இருக்கும், தோண்டலாம் என்று தெரியும். தோண்ட மண்வெட்டி இல்லை. முதல் நாள் மாலை வேலை முடிந்து வந்து காப்பியோடு உட்கார்ந்து அந்தக் கீறலைப் பார்த்துக்கொண்டு இந்தக் கரையிலேயே மேலும் கீழும் நடந்தேன். ஐந்து பிராணி பிடித்து டாம் நூக்கிடம் கொடுத்தால், மறுநாள் பிளாதர்ஸ் என்கிற ஆந்தை வரும், மண்வெட்டிக்கும் கழிக்கும் செய்முறை தரும். மறுநாள் இரவு எட்டரைக்குக் கழி கிடைத்தது. ஊன்றித் தாவி அக்கரையில் காலை வைத்தபோது, இதே ஆட்டத்தில் 640 மணி நேரம் கழித்தவளுக்கு, உடம்பு நிமிர்ந்தது. பொடிமாஸில் ஒன்பது பாலமும் படிக்கட்டுமாக இருந்தும் ஒருநாளும் இப்படி ஆனதில்லை.

கோடையில் தொடங்கினால் இரவில் தேள் வரும். வலையைத் தூக்கிக்கொண்டு நடந்தால் வாலை நிமிர்த்தும், அப்போதே நின்றுவிடவேண்டும். இறக்கியதும் ஒரு அடி. மறுபடி நிமிர்த்தினால் மறுபடி நிற்கவேண்டும். பிடித்தால் 8,000 பெல். பிடிக்காவிட்டால் கொட்டும், மயங்கிக் கூடார வாசலில் விழித்துக்கொள்வீர்கள். மூன்று தடவை வாசலில் விழித்தேன். கடற்கரைத் தென்னையில் கொம்பு வண்டுகள் உட்காரும். ஓடினால் பறந்துவிடும், பூனை மாதிரிப் போகவேண்டும். மூன்றாம் வாரம் ஒரு ஹெர்குலிஸ் வண்டு கிடைத்தது, அதன் விலை 12,000. தம்பிக்கு வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினேன். "வித்துடாத, மியூசியத்துக்குக் கொடு" என்று டப்ளினிலிருந்து உத்தரவு வந்தது. பதவி போன பிறகும்.

கடன் பற்றி ஒரு வார்த்தை, தொழில் முறையில். தீவுக்குக் குடிவந்த செலவு 49,800 பெல், அதை 5,000 நூக் மைலாகவும் (ஆட்டத்தில் சேரும் புள்ளிகள்) கட்டலாம். பிறகு முதல் வீட்டுக் கடன் 98,000. அதிலிருந்து ஏறி ஏறிக் கடைசிக் கடன் 24,98,000. ஏழும் சேர்ந்தால் 56,96,000 பெல். டாம் நூக்கைக் கந்துவட்டிக்காரர் என்று உலகம் முழுக்கக் கேலி செய்கிறார்கள். நான் சொல்கிறேன்: வட்டி கிடையாது, தவணைத் தேதி கிடையாது, ஜாமீன் கையெழுத்து கிடையாது, கட்டாவிட்டால் வாசலில் ஆள் வந்து நிற்பதும் கிடையாது. இப்படி ஒரு திட்டத்தை எங்கள் கிளையில் அறிவித்தால் க்யூ பேருந்து நிலையம் வரை போகும். பொடிமாஸில் அவசர அவசரமாகக் கட்டி முடித்தேன். இப்போது இரண்டாவது கடனில் நிற்கிறேன், இன்னும் 1,40,000 பாக்கி, எந்தக் கவலையும் இல்லை. வீட்டில் ஒரே அறை. போதும்.

குறை இல்லாமல் இல்லை. டாம் நூக்கின் விளக்கவுரைகளைத் தாண்ட முடியாது. தெரிந்ததையே, தெரிந்ததையே, வரி வரியாக. பிளாதர்ஸின் பேச்சும் அப்படியே. முதல் வாரக் கருவிகள் உடைந்துகொண்டே இருக்கும், வலை உடையும் சத்தம் தேள் வாலை நிமிர்த்தும் நேரம் பார்த்து வரும். கடை கட்ட 30 இரும்புத் துண்டு கேட்பார்கள். தீவில் இருப்பது மொத்தம் ஆறு பாறை, அதிலும் பாதி அக்கரையில். இதெல்லாம் முதல் தடவை புதுமை, இரண்டாம் தடவை பொறுமைச் சோதனை. கடிகாரத்தைத் தள்ளத் தோன்றும். தள்ளினால் நீங்கள் ரீசெட் செய்ததன் பயன் போய்விடும், பத்து நாளில் பழைய தீவிலேயே வந்து நிற்பீர்கள்.

இடையில் ஒரு சின்னக் கிளைக்கதை. இந்த வரிசையின் பழைய ஆட்டங்களில் ரெசெட்டி என்று ஒரு மூஞ்சுறு மாதிரியான ஆசாமி உண்டு. சேமிக்காமல் கருவியை அணைத்துவிட்டு மறுபடி திறந்தால் வீட்டு வாசலில் தரையைப் பிளந்துகொண்டு வந்து நிற்பார், பக்கம் பக்கமாகத் திட்டுவார். நியூ ஹொரைசன்ஸ் தானாகவே சேமித்துக்கொள்வதால் அவருக்கு அந்த வேலை போயிற்று. நான் தீவை அழித்த அதே வாரம் 3.0 புதுப்பிப்பு வந்தது. அதில் ரெசெட்டிக்குப் புது வேலை கொடுத்திருக்கிறார்கள்: தீவில் பரப்பி வைத்த சாமான்களை ஒழித்துக் கொடுக்கும் சேவை. ஒரு வாரம் பொறுத்திருந்தால் என் ஐஸ்கிரீம் வண்டிகளை அவரே அள்ளியிருப்பார். அதற்காக வருத்தப்பட்டேனா? ஒரு நாள். சாமான்தான் உங்கள் பிரச்சினை என்றால் ரீசெட் வேண்டாம், ரெசெட்டியைக் கூப்பிடுங்கள். தீவின் பெயர், பிரதிநிதி யார் என்பது, தென் பாதி வட பாதி, விமான நிலையத்தின் இடம் இவற்றை அவரால் மாற்ற முடியாது. எனக்கு மாற்றவேண்டியிருந்தது அவற்றைத்தான்.

நான்காம் வாரம் 2,000 மைல் டிக்கெட் எடுத்து ஒரு பெயரில்லாத் தீவுக்குப் போனேன். அங்கே மரத்தடியில் நின்றது ஷெர்ப், நீல ஆட்டுக்குட்டி, சோம்பேறி. பொடிமாஸில் நான்கு வருடம் என் பக்கத்து வீடு. என் வீட்டுத் தரைக்கடியில் பூச்சிகள் பேசிக்கொள்வதைப் பற்றிச் சொல்லிக்கொண்டே இருக்கும். கிட்டே போனதும் தன் பெயரைச் சொல்லி, நீ யார் என்று கேட்டது. சொன்னேன். நல்ல பெயர் என்றது. திண்ணைக்கு வருகிறாயா என்று கேட்க ஒரு வரி திரையில் வந்தது. அதை அழுத்தவில்லை. தூண்டிலை எடுத்துக்கொண்டு கரைப் பக்கம் போனேன், இரண்டு மீன் பிடித்தேன், விமானம் ஏறுவதற்கு முன் திரும்பி வந்து கூப்பிட்டேன். மறுநாள் வந்து சேர்ந்தது. முதல் பேச்சே தின்பண்டம்.

கோலமும் போட்டாயிற்று. பொடிமாஸில் என் வீட்டு வாசலுக்கு 32க்கு 32 கட்டத்தில் நானே வரைந்த சிக்குக் கோலம் இருந்தது, அதுவும் போய்விட்டது. ஆல்பத்துப் படத்தைப் பெரிதாக்கி, கட்டம் கட்டமாக எண்ணி இரண்டு இரவில் மறுபடி வரைந்தேன். பழையதில் ஒரு வளைவு புள்ளியைச் சுற்றாமல் விட்டுப்போயிருந்தது, ஐந்து வருடமாகக் கவனிக்கவில்லை. இப்போது சரி செய்துவிட்டேன்.

ஹேசலின் படத்தை அந்த எட்டாம் வகுப்புப் பெண் விமானத்தில் கொண்டுவந்து கொடுத்தாள். கட்டில் தலைமாட்டில் மாட்டியிருக்கிறேன்.

மதிப்பெண் கேட்பவர்களுக்கு: தீவு உங்களுடையது, அலுத்துவிட்டது, சாமான் மட்டும் அதிகம் என்றால் அழிக்காதீர்கள். தீவு வேறொருவருடையதாக இருந்து உங்களிடம் வந்து சேர்ந்தது என்றால், அல்லது கடிகாரத்தைத் தள்ளியே ஆடி முடித்தவர் என்றால், தயங்காமல் அழியுங்கள். செலவு ஒன்றும் இல்லை, ஆறு வாரம் தினம் முக்கால் மணி நேரம். ஐந்துக்கு நாலரை. அரை மதிப்பெண் டாம் நூக்கின் விளக்கவுரைக்குக் கழிவு.

தம்பி மே மாதம் லீவில் வருகிறான். நேற்று போனில், "திண்ணைல எனக்கு ஒரு வீடு போட்டுக்கறேன்கா, கடற்கரை ஓரமா, அந்தத் தென்னை வரிசைக்கு முன்னாடி" என்றான். அது என் வண்டு பிடிக்கும் இடம். கூடாரம் எங்கே வேண்டுமானாலும் போட்டுக்கொள்ள ஆட்டம் விடும் என்பது எனக்கும் தெரியும். "விண்ணப்பம் போடு, பரிசீலிக்கறேன்" என்று சொல்லி வைத்திருக்கிறேன்.